இரகசியச் செலவுக்குக் கணக்குக் கேட்பவர் யார்?

ஓர் ஊராட்சி மன்றம் குடிநீர்க் கிணறு ஒன்றை வெட்டுகிறது என்று வைத்துக்கொள்வோம். எத்தனை அடி தோண்டப்பட்டது, எத்தனை மூட்டை சிமெண்ட் வாங்கப்பட்டது, எவ்வளவு கூலி கொடுக்கப்பட்டது என்பனவெல்லாம் ஏட்டில் ஏற வேண்டும். ஒவ்வொரு செலவுக்கும் பற்றுச்சீட்டு வேண்டும். ஆண்டு முடிவில் தணிக்கையாளர் வருவார். ஒரு சீட்டுக் குறைந்தாலும் தடை எழுப்புவார். மன்றத் தலைவர் அதற்கு விளக்கம் கூறியே ஆக வேண்டும்.

மத்திய அரசின் கணக்குகளில் இதற்கு நேர் மாறான தலைப்பு ஒன்று உண்டு. 'இரகசியப் பணிச் செலவு' என்பது அதன் பெயர். அரசின் பொது நிதி விதிகளின்படி, இத்தலைப்பில் பணம் பெறும் அதிகாரி தனியாக ஒரு ரொக்கப் புத்தகம் வைத்திருப்பார். யாருக்கு, எதற்குக் கொடுத்தார் என்ற விவரம் வெளித் தணிக்கையாளரிடம் செல்வதில்லை. அதே நிர்வாகத்தின் மேலதிகாரி ஒருவர் ஆண்டுக்கு ஒரு முறையேனும் அக்கணக்கைப் பார்ப்பார். பொதுநலனை முன்னிட்டு இச்செலவை இரகசிய நிதியிலிருந்தே செய்ய வேண்டியிருந்தது என்றும், அது முறையாகவே செய்யப்பட்டது என்றும் ஒரு சான்றிதழ் எழுதப்படும். தணிக்கை அவ்வளவோடு முடிந்துவிடும்.

இதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. பகை நாட்டில் இருந்துகொண்டு நமக்குச் செய்தி அனுப்பும் ஒருவரிடம், ரெவின்யூ ஸ்டாம்பு ஒட்டிக் கையெழுத்திட்ட ரசீது கேட்க முடியுமா? கேட்டால் அவருடைய உயிர் போகும். அடுத்தவர் நம்மிடம் வரவும் மாட்டார். ஆகவே, செய்தி கொடுத்தவரின் பெயரை மறைப்பது தேவை என்பதை எவரும் மறுப்பதில்லை.

ஆனால், மறைக்க வேண்டியது பெயர் மட்டுந்தானா? மொத்தம் எவ்வளவு பணம், என்ன நோக்கத்திற்காக, யாருடைய அனுமதியின் பேரில், என்ன பயன் கருதிச் செலவிடப்பட்டது என்பதையும் மறைத்துவிடலாமா? இக்கேள்வியின் வரலாற்றை நாம் சென்னை அடையாற்றில் நின்றே படிக்கலாம். அந்நிய ஆட்சி, குடியரசு ஆகிய இரண்டின் உளவுப் பணிகளும் இந்தச் சிற்றாற்றின் கரையில் தம் சுவடுகளைப் பதித்திருக்கின்றன.

ரஷ்ய அம்மையாரும் தக்கர் இலாகாவும்

பிரம்மஞான சங்கத்தை நிறுவியவர்களான பிளாவட்ஸ்கி அம்மையாரும் கர்னல் ஆல்காட்டும் 1879-இல் பம்பாயில் வந்து இறங்கினர். ஆல்காட் அமெரிக்கர், அம்மையாரோ ரஷ்யப் பேரரசில் பிறந்தவர். மத்திய ஆசியாவில் ரஷ்யா முன்னேறிக்கொண்டிருந்த காலம் அது. ஆப்கானிஸ்தானத்தில் பிரிட்டிஷாரின் இரண்டாம் போர் நடந்துகொண்டிருந்தது. எனவே அம்மையார் ரஷ்ய ஒற்றராக இருக்கக்கூடும் என்று ஐயுற்ற அரசு, இருவரையும் போலீசாரைக் கொண்டு நிழல்போல் தொடரச் செய்தது. 1880-இல் ஆல்காட் சிம்லாவுக்குச் சென்று முறையிட்ட பின்னரே அக்கண்காணிப்பு விலக்கிக்கொள்ளப்பட்டது. 1882 டிசம்பரில் அவர்கள் அடையாற்றின் தென்கரையில் ஒரு தோட்ட வீட்டிற்குக் குடிபெயர்ந்தனர். சங்கத்தின் தலைமையகம் இன்றும் அங்கேயே இருக்கிறது.

அக்காலத்தில் இந்திய அரசிடம் தனி உளவுத்துறை கிடையாது. வழிப்பறிக் கொலைகாரர்களான தக்கர்களையும் கொள்ளைக் கூட்டங்களையும் ஒடுக்க ஏற்பட்ட இலாகாவே, நாளடைவில் அரசியல் செய்திகளையும் திரட்டலாயிற்று. 1887 டிசம்பர் 23 அன்று, இலண்டனில் இருந்த இந்திய மந்திரியின் ஆணைப்படி 'மத்தியத் தனிப்பிரிவு' ஒன்று தோன்றியது. 1904-இல் அது குற்ற உளவு இலாகா ஆயிற்று. 1920-இல் 'உளவுப் பணியகம்' என்னும் பெயர் பெற்றது. இன்று ஐ.பி. என்று நாம் குறிப்பிடுவது இதனையே ஆகும்.

இங்கு ஒன்றைக் கவனிக்க வேண்டும். இத்துறை எந்தச் சட்டமன்றமும் இயற்றிய சட்டத்தால் பிறந்ததன்று. நிர்வாக ஆணை ஒன்றினால் பிறந்தது. ஆளப்படும் மக்களுக்குப் பதில் சொல்லும் கடமை அந்நிய அரசுக்கு இல்லை. ஆதலால் சட்டம் தேவை என்று அது கருதவுமில்லை.

வாக்குக்கு அப்பாற்பட்ட பணம்

சென்னை மாகாணத்தில் சி.ஐ.டி. பிரிவு 1906-இல் அமைந்தது. புதுச்சேரியில் தஞ்சம் புகுந்திருந்த பாரதியாரையும் வ.வே.சு. ஐயரையும் அரவிந்தரையும் சுற்றி அதன் ஆட்கள் ஆண்டுக்கணக்கில் வளைய வந்தனர். அடையாற்றில் இருந்துகொண்டு 'நியூ இந்தியா' நாளிதழை நடத்தி, சுயாட்சி இயக்கத்தைத் தொடங்கிய அன்னிபெசன்ட் அம்மையாரும் அதன் பார்வையிலிருந்து தப்பவில்லை. 1917 ஜூனில் ஆளுநர் பெண்ட்லண்ட் பிரபுவின் அரசு, அம்மையாரையும் அருண்டேல், வாடியா ஆகியோரையும் காவலில் வைத்தது. நாடெங்கும் எழுந்த கிளர்ச்சியின் பயனாக அவர்கள் செப்டம்பரில் விடுவிக்கப்பட்டனர். அவ்வாண்டு இறுதியில் அம்மையார் காங்கிரஸ் மகாசபையின் தலைவரானார்.

அவரைப் பின்தொடர்ந்த சி.ஐ.டி. ஊழியருக்குச் சம்பளம் கொடுத்தது யார்? வரி கட்டிய குடியானவரும் வணிகருமே. ஆனால் அப்பணம் எவ்வளவு என்று கேட்டு, அதைக் குறைக்கும் உரிமை அவர்களுடைய பிரதிநிதிகளுக்கு இல்லை. 1909-ஆம் ஆண்டுச் சட்டப்படி சட்டசபை உறுப்பினர்கள் வரவு செலவுத் திட்டத்தைப் பற்றிப் பேசலாம், வாக்களிக்க முடியாது.

1919-ஆம் ஆண்டுச் சட்டம் சில செலவுகளின் மீது வாக்களிக்கும் உரிமையை மத்திய சட்டசபைக்கு வழங்கியது. ஆயினும் பாதுகாப்புச் செலவு, 'அரசியல்' என்று அரசு வகைப்படுத்தும் செலவு ஆகியவை வாக்குக்கு அப்பாற்பட்டவை என்று ஒதுக்கப்பட்டன.

1935-ஆம் ஆண்டுச் சட்டம் மாகாணங்களுக்குத் தன்னாட்சி தந்தது. அதன்படி 1937-இல் சென்னையில் இராஜாஜி தலைமையில் மக்கள் தேர்ந்தெடுத்த மந்திரிசபை பதவி ஏற்றது. போலீசும் அதன் பொறுப்பில் வந்தது. ஆனால் அதே சட்டத்தின் 58-ஆவது பிரிவு, ஆட்சியைக் கவிழ்க்க முயலும் வன்முறைக் குற்றங்களைப் பற்றித் துப்புக் கொடுத்தவர் யார் என்பதை, ஆளுநரின் கட்டளை இன்றிப் போலீசார் வெளியார் எவரிடமும் கூறலாகாது என்று விதிக்கச் செய்தது. மந்திரியும் இதற்கு விலக்கு அல்லர். நேற்று வரை உளவு பார்க்கப்பட்டவர்கள் இன்று மந்திரிகளாக அமர்ந்துவிட்டார்களே என்ற அச்சமே இதற்குக் காரணம்.

குடியரசு வந்த பின்

1947-இல் ஆட்சி மாறியது. உளவுப் பணியகத்தின் முதல் இந்திய இயக்குநராக அமர்ந்தவர், சென்னை மாகாணப் போலீஸ் அதிகாரியான டி.ஜி. சஞ்சீவி பிள்ளை. அவரை அடுத்து 1950-இல் பி.என். மல்லிக் பொறுப்பேற்றார். 1962-ஆம் ஆண்டுச் சீனப் போரும் 1965-ஆம் ஆண்டுப் பாகிஸ்தான் போரும், வெளிநாட்டு உளவுக்குத் தனி அமைப்பு வேண்டும் என்ற எண்ணத்தை வலுப்படுத்தின. 1968 செப்டம்பரில் ஆர்.என். காவ் தலைமையில் 'ரா' எனப்படும் ஆராய்ச்சி மற்றும் பகுப்பாய்வுப் பிரிவு அமைந்தது. அதுவும் நிர்வாக ஆணையினால் பிறந்ததே ஆகும்.

இத்தகைய அமைப்புகளுக்குச் சட்டம் இயற்றும் அதிகாரம் பாராளுமன்றத்துக்கு இல்லாமல் இல்லை. அரசியல் சட்டத்தின் ஏழாவது அட்டவணையில், மத்தியப் பட்டியலின் 8-ஆவது இனம் மத்திய உளவு மற்றும் புலனாய்வுப் பணியகத்தைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. ஆனால் அந்த அதிகாரத்தைப் பயன்படுத்தி, இவ்வமைப்புகள் எதைச் செய்யலாம், எதைச் செய்யலாகாது என்று வரையறுக்கும் சட்டம் எதுவும் இயற்றப்படவில்லை. 1985-இல் உளவு அமைப்புகளைப் பற்றி ஒரு சட்டம் வந்தது. அது ஊழியர்கள் சங்கம் அமைப்பதையும் பத்திரிகைகளுக்குச் செய்தி கொடுப்பதையும் தடுத்தது. ஊழியரைக் கட்டுப்படுத்தச் சட்டம் உண்டு. அமைப்பைக் கட்டுப்படுத்தச் சட்டம் இல்லை!

பணம் எவ்வாறு செல்கிறது என்பதையும் பார்ப்போம். மற்ற இலாகாக்களைப் போலவே இதற்கும் லோக்சபையில் மானியக் கோரிக்கை வைக்கப்படுகிறது. உளவுப் பணியகத்தின் ஒதுக்கீடு உள்துறையின் போலீஸ் மானியத்தில் ஒரு வரியாக அச்சிடப்படுகிறது. 2023-24 வரவு செலவுத் திட்டத்தில் அந்த வரியில் கண்ட தொகை சுமார் 3,418 கோடி ரூபாய். 'ரா'வுக்கு அந்த ஒரு வரியும் கிடையாது. அமைச்சரவைச் செயலகத்தின் கணக்குக்குள் அது அடங்கிவிடுகிறது. அரசின் செலவுகளைத் துருவிப் பார்க்கும் பொதுக் கணக்குக் குழு 1921 முதலே நம் நாட்டில் இருக்கிறது. ஆனால் தணிக்கைத் துறை எழுதித் தருவதைக் கொண்டே அக்குழு கேள்வி கேட்க இயலும். தணிக்கையாளர் கையில் ஒரு சான்றிதழ் மட்டுமே இருக்குமானால் குழு எதைக் கேட்கும்?

இந்திரா நகர், 1986

இது வெறும் கணக்குப் பிள்ளைகளின் கவலை என்று சிலர் எண்ணக்கூடும். அவ்வாறன்று என்பதை உணர, அடையாற்றுக்கே மீண்டும் வருவோம். பிரம்மஞான சங்கத் தோட்டத்திலிருந்து சற்றுத் தொலைவில் இருப்பது இந்திரா நகர். 1980-களில் விடுதலைப் புலிகளின் அலுவலகம் ஒன்று இங்கே இயங்கி வந்தது.

1983 ஜூலையில் இலங்கையில் தமிழர்களுக்கு எதிராக நடந்த படுகொலைகளுக்குப் பின், பல்லாயிரக்கணக்கான அகதிகள் தமிழ்நாட்டை வந்தடைந்தனர். தமிழ்நாட்டு மக்களின் உள்ளம் கொதித்தது. அப்போது மத்திய அரசின் உளவு அமைப்பான 'ரா' பல போராளிக் குழுக்களுக்கு ஆயுதப் பயிற்சி அளிக்கலாயிற்று. வடக்கே டேராடூன் பக்கத்து மலைப் பகுதியிலும், தமிழ்நாட்டில் சேலம் மாவட்டக் கொளத்தூர் போன்ற இடங்களிலும் முகாம்கள் நடந்தன. 1984-இலேயே பத்திரிகைகள் இதைப் படத்துடன் எழுதின. அரசு மறுத்தது.

அக்கொள்கை சரியா, தவறா என்று தீர்ப்பளிப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. அகதிகளைக் கண்ணால் கண்ட தமிழ் மக்களில் பலர் அதை ஆதரித்திருக்கவும் கூடும். நாம் கேட்பது வேறு. இதற்கு எவ்வளவு பணம் செலவாயிற்று, எந்தக் குழுவுக்கு எத்தனை ஆயுதம் போயிற்று, அவை எங்கே வைக்கப்பட்டுள்ளன என்று கேட்டறியும் உரிமை பெற்ற பிரதிநிதிகள் எவரேனும் இருந்தார்களா? பாராளுமன்றத்திலும் இல்லை, சட்டமன்றத்திலும் இல்லை.

ஆயுதங்கள் சென்னைத் தெருக்களுக்குள் வந்தன. 1986 நவம்பர் 1, தீபாவளியன்று சூளைமேட்டில் போராளிகளுக்கும் அப்பகுதி மக்களுக்கும் இடையே மூண்ட தகராறில் துப்பாக்கி வெடித்தது. உள்ளூர்வாசி ஒருவர் உயிரிழந்தார். ஒரு வாரம் கழித்து, பெங்களூரில் சார்க் மாநாடு கூட இருந்த வேளையில், நவம்பர் 8 அன்று தமிழ்நாட்டுப் போலீசார் மாநிலம் எங்கும் போராளிகளின் இருப்பிடங்களைச் சோதனையிட்டு ஆயுதங்களைக் கைப்பற்றினர். செய்தித் தொடர்புக் கருவிகளும் பறிமுதல் செய்யப்பட்டன. அவற்றைத் திருப்பித் தரக் கோரி, பிரபாகரன் நவம்பர் 22 அன்று இந்திரா நகரில் உண்ணாவிரதம் தொடங்கினார். கருவிகள் திரும்பக் கிடைத்த பின் அதை முடித்துக்கொண்டார்.

இதிலுள்ள முரண்பாட்டைப் பாருங்கள். மத்திய அரசின் ஓர் அமைப்பு பயிற்சி தந்து வளர்த்தவர்களின் ஆயுதங்களை மாநில அரசின் போலீஸ் பறித்தது. சில நாட்களில் ஒரு பகுதியைத் திருப்பியும் கொடுத்தது. இரண்டும் மக்களின் வரிப்பணத்தில் நடந்தவையே. ஆனால் இந்த வேலைகளின் வரவையும் செலவையும் ஒரே மேசையில் வைத்துப் பார்த்தவர் எவரும் இல்லை.

மற்றொரு நிகழ்ச்சியை இதனோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். 1987 ஏப்ரலில் முதலமைச்சர் எம்.ஜி.ஆர். இலங்கைத் தமிழர் நிவாரணத்தின் பொருட்டுப் போராளி அமைப்புகளுக்கு 4 கோடி ரூபாய் தருவதாகப் பகிரங்கமாக அறிவித்தார். உடனே கொழும்பு எதிர்ப்புத் தெரிவித்தது. டில்லியிலும் சென்னையிலும் விவாதம் மூண்டது. வெளிப்படையான பணம் சில நாட்களிலேயே கேள்விக்கு உள்ளாயிற்று. இரகசியப் பணமோ நான்கு ஆண்டுகள் எந்த மன்றத்தின் கேள்விக்கும் உட்படாமல் ஓடியது.

பின்னர் நடந்தது யாவரும் அறிந்ததே. 1987 ஜூலை 29 அன்று இந்திய-இலங்கை ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. அமைதி காக்கச் சென்ற இந்தியப் படை, இந்தியாவிலேயே பயிற்சி பெற்றிருந்தவர்களுடன் போரிட நேர்ந்தது. 1990 மார்ச்சில் அது திரும்பி வருவதற்குள் இந்திய வீரர்கள் 1,100 பேருக்கு மேல் மாண்டனர். ஈழத் தமிழ் மக்களும் ஏராளமாக உயிரிழந்தனர். 1991 மே 21 அன்று ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொலையுண்டார். அக்கொலையின் பின்னணியை விசாரித்த ஜெயின் ஆணையத்தின் இடைக்கால அறிக்கை 1997 நவம்பரில் பாராளுமன்றத்தில் வைக்கப்பட்டபோதுதான், பயிற்சி முகாம்களைப் பற்றிய விவரங்கள் அரசு ஆவணமாகவே உறுப்பினர்கள் கைக்கு வந்தன. முகாம்கள் தொடங்கிப் பதினான்கு ஆண்டுகள் கழிந்திருந்தன.

கண்காணிப்புக் குழு ஒன்று இருந்திருந்தால் இவை நடந்தே இரா என்று கூற முடியாது. ஆனால் கேள்விகள், விடையை மாற்றக்கூடிய காலத்திலேயே கேட்கப்பட்டிருக்கும். விசாரணை ஆணையம் என்பது பிரேதப் பரிசோதனை போன்றது. நோய்க்குக் காரணம் சொல்லும், நோயாளியைப் பிழைக்க வைக்காது.

பிற நாடுகள் கண்ட வழி

நமக்கு இம்முறையை விட்டுச் சென்ற பிரிட்டன் தன் வீட்டில் என்ன செய்தது? 1782-இலேயே எட்மண்ட் பர்க்கின் முயற்சியால், உள்நாட்டு இரகசியப் பணத்துக்கு ஆண்டுக்கு 10,000 பவுண்டு என்று பிரிட்டிஷ் பாராளுமன்றம் வரம்பு கட்டியது. ஆனால் இருபதாம் நூற்றாண்டில் அதன் உளவு அமைப்புகள் நெடுங்காலம் சட்டமின்றியே இயங்கின. எம்.ஐ.5 அமைப்புக்கு 1952-இல் உள்துறை மந்திரி எழுதிய ஓர் ஆணையே ஆதாரமாக இருந்தது. எம்.ஐ.6 என்று ஒன்று இருப்பதையே 1992 வரை அரசு ஒப்புக்கொள்ளவில்லை. பிறகு நிலைமை மாறியது. 1989-இலும் 1994-இலும் சட்டங்கள் வந்தன. பாராளுமன்ற உறுப்பினர்களைக் கொண்ட உளவு மற்றும் பாதுகாப்புக் குழு அமைந்தது. மூன்று அமைப்புகளின் செலவும் ஒரே தொகையாகக் காட்டப்படலாயிற்று. அரசின் தலைமைத் தணிக்கையாளர் கணக்குகளைப் பார்க்கிறார்.

அமெரிக்காவில் 1949-ஆம் ஆண்டுச் சட்டம், சி.ஐ.ஏ. இயக்குநரின் சான்றிதழ் ஒன்றே இரகசியச் செலவுக்குப் போதும் என்றது. நம் விதியைப் போன்றதே இது. அந்த அமைப்பு சொந்தக் குடிமக்களையே வேவு பார்த்தது 1974 இறுதியில் பத்திரிகை வாயிலாக வெளிப்பட்டது. அடுத்த ஆண்டு செனட்டர் சர்ச் தலைமையிலான குழு விசாரணை நடத்தியது. 1976-இல் செனட்டிலும் 1977-இல் பிரதிநிதிகள் சபையிலும் நிரந்தர உளவுக் குழுக்கள் ஏற்பட்டன. 1997-இல், உளவுப் பணிகளுக்கான மொத்தச் செலவு 2,660 கோடி டாலர் என்று முதன்முறையாக வெளியிடப்பட்டது. தொகை வெளிவந்ததனால் எந்த ஒற்றரின் பெயரும் வெளிவந்துவிடவில்லை. குழுக்கள் அமைந்த பின்னும் அந்நாடுகளின் உளவு அமைப்புகள் தவறு செய்தது உண்டு. எனினும் சாட்சிகளை அழைத்துக் கேட்க ஓர் இடம் அங்கே இருக்கிறது.

நம் நாட்டு முயற்சிகள்

நம் நாட்டிலும் குரல்கள் எழாமல் இல்லை. நெருக்கடி நிலைக் காலத்து அத்துமீறல்களை விசாரித்த ஷா ஆணையம், உளவுப் பணியகம் அரசியல் வேவுக்குக் கருவியாகக் கூடாது என்று 1978-இல் வற்புறுத்தியது. 2010 ஜனவரியில் அன்றைய குடியரசுத் துணைத்தலைவர் ஹமீத் அன்சாரி, 'ரா'வின் நிறுவனர் காவ் நினைவுச் சொற்பொழிவிலேயே பாராளுமன்றக் கண்காணிப்புத் தேவை என்று பேசினார். 2011-இல் மணீஷ் திவாரி லோக்சபையில் இதற்கென ஒரு தனிநபர் மசோதா கொண்டுவந்தார், அது சட்டமாகவில்லை. கண்காணிப்பும் தணிக்கையும் வேண்டும் என்று தொடுக்கப்பட்ட பொதுநல வழக்கை, நாட்டின் பாதுகாப்புக்கு ஊறு நேரலாம் என்று கருதி, உச்ச நீதிமன்றம் 2016-இல் தள்ளுபடி செய்தது. 2005-ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டமும், ஊழல், மனித உரிமை மீறல் பற்றிய புகார்கள் நீங்கலாக, இவ்வமைப்புகளுக்கு விலக்களித்துள்ளது.

ஒற்றாடல் தமிழர்க்குப் புதிதன்று. திருக்குறளில் அதற்கென ஓர் அதிகாரமே இருக்கிறது. ஓர் ஒற்றன் கொண்டுவந்த செய்தியையும் மற்றோர் ஒற்றனைக் கொண்டு சரிபார்த்த பின்னரே ஏற்க வேண்டும் என்பது வள்ளுவர் கூறும் இலக்கணம். ஒற்றனை நம்பலாம், ஆனால் சோதிக்காமல் நம்பலாகாது என்பதே இதன் கருத்து. அன்று சோதித்தவன் அரசன். ஏனெனில் பொருளும் நாடும் அவனுடையவை என்று கருதப்பட்டன.

இன்று நாட்டின் உரிமையாளர் குடிமக்கள். அவர்களுக்காகச் சோதிக்க வேண்டியது அவர்கள் தேர்ந்தெடுத்த மன்றம். இரகசியம் காப்பதாக உறுதிமொழி ஏற்ற உறுப்பினர் சிலர், பூட்டிய அறைக்குள் அமர்ந்து, பெயர்களைக் கேட்காமல், தொகையையும் நோக்கத்தையும் பயனையும் கேட்பதற்கு இடமிருந்தால் போதும். 1887-இல் இந்தியக் குடிமகனை ஐயத்துடன் பார்த்த ஓர் ஆட்சி வகுத்துக்கொண்ட ஏற்பாட்டை, அக்குடிமகனே ஆட்சியாளனான பின்னும் அப்படியே வைத்திருக்க வேண்டுமா என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். கிணறு வெட்டிய ஊராட்சித் தலைவர் ஒவ்வொரு மூட்டைச் சிமெண்டுக்கும் பதில் சொல்கிறார். நாட்டின் காவலுக்கென்று கொடுத்த பணத்துக்கும் அதே நாட்டில் பதில் சொல்லும் இடம் ஒன்று இருப்பது, காவலைத் தளர்த்தாது, உறுதிப்படுத்தவே செய்யும்.